ஈரத் துணிக்குப் பின்னால்

ஜூலை 15, திங்கள், 1963. குற்றாலம்.

சாரல். காலைல கொஞ்ச நேரம் வெயில், அப்புறம் மறுபடி சாரல். சன்னல் கதவு நிக்காம அடிக்கு, கயிறு போட்டுக் கட்டியாச்சு.

லாட்ஜ் ரூம் சின்னது, சுவரெல்லாம் ஈர வாசம். டேப் ரெக்கார்டரக் கம்பளில சுத்திக் கட்டில் மேல வச்சுட்டு நான் தரைல பாய் விரிச்சிருக்கேன். அது நனைஞ்சா நாடகம் போச்சு. நான் நனைஞ்சா துடைச்சுக்கலாம்.

வேண்டியது:
வெள்ளைத் துணி, எட்டு முழம், ரெண்டு
லாந்தர் பெட்டிக்கு (கண்ணாடிப் படத்தத் துணில காட்டுத பெட்டி) இன்னொரு பல்பு
கண்ணாடிப் படம்: அருவி முடிஞ்சுது, பாறை பாக்கி, கை பாக்கி
அருவிச் சத்தம் பிடிக்கணும்
அடுப்புக் கரி (லாட்ஜ் சமையல்காரர்கிட்ட கேக்கணும், சிரிப்பாரு)

சீசன் விழாக் கமிட்டிக்காரர் வந்தாரு. 28ந்தேதி ஞாயித்துக்கிழமை, சாயங்காலம் அஞ்சரை, பள்ளிக்கூடக் கொட்டகை, அரை மணி நேரம்.

"கதை என்னதும்மா?"
"கதை இல்ல."
"பாட்டு?"
"இல்ல."
"கூட யாரு நடிக்கா?"
"யாரும் இல்ல. நிழல் மட்டுந்தான்."
"ஓ, பொம்மலாட்டம்"ன்னு எழுதிக்கிட்டுப் போயிட்டாரு. மெட்ராஸ்ல இதுக்குக் கிறுக்குன்னு பேரு, பொம்மலாட்டம் எவ்வளவோ தேவலை.

பேரு 'இல்லாதவ'. நனைச்ச துணி, பின்னால வெளிச்சம், நடுவுல நான். டேப்புல தண்ணிச் சத்தம். துணி மேல உள்பக்கமா இருந்து கரியால வரைவேன். வாய் அசைக்காமப் பேசுவேன், குரல் ஜனங்களுக்கு நடுவுல இருந்து வார மாதிரி கேக்கும். கடைசி வரைக்கும் ஆளு தெரியாது. கடைசில கயத்த இழுக்கணும், துணி விழணும், வேஷம் எதுவும் இல்லாம நான் நிக்கணும். அந்த ஒரு நிமிஷத்துக்குத்தான் அரை மணி நேரமும்.

வந்த காரியத்த இன்னும் எழுதல. நாளைக்கு.

ஜூலை 16, செவ்வாய்.

எழுதிருதேன். யாரு படிக்கப் போறா.

1944 ஆடி மாசம். எனக்குப் பதினேழு. தென்காசில நாடகக் கம்பெனி கொட்டகை போட்டிருந்தாங்க. வீட்ல கேட்டா காலை ஒடிச்சிருப்பாங்க. ஓடினாத் தேடிப் பிடிப்பாங்க. செத்தவள யாரும் தேடமாட்டாங்கன்னு எனக்கு அன்னைக்குத் தோணிச்சு. செண்பகாதேவி அருவிக்கு மேல ஏறி, தாவணியையும் கண்ணாடி வளையலையும் தடாகத்துப் பாறைல வச்சுட்டு, வேற துணி உடுத்திக்கிட்டு கம்பெனி வண்டில ஏறிட்டேன்.

அதுதான் என் முதல் நாடகம். ஊரே வந்து பாறைல நின்னு அழுததாம். அப்படி ஒரு கூட்டம் அப்புறம் எனக்கு வந்ததே இல்ல.

அடுத்த வருஷம் அம்மா போயிட்டா. சிவகிரில கம்பெனி ஆடும்போது ஊர்க்காரர் ஒருத்தர், மீசை வச்ச ராஜா வேஷத்துல நிக்கது நான்னு தெரியாம, என்கிட்டயே சொன்னாரு: "மக தண்ணில போன ஏக்கத்துல தாயும் போயிட்டா." அன்னைக்கும் மேடை ஏறினேன். ஒரு வரி தப்பல. அத நெனச்சா இப்பவும் என் மேலயே எனக்கு அருவருப்பா வருது.

மிச்சம் இருக்கது அண்ணன். சுப்பையா. தென்காசிக்குப் பக்கத்துல குத்துக்கல்வலசைல அதே வீட்ல இருக்கான். அவன் கால்ல விழுந்து, அண்ணே நான் சாகல, மன்னிச்சிருன்னு சொல்லணும். அவன் 'ஏட்டி வடிவு'ன்னு ஒரு தடவை கூப்பிடணும். அதுக்குத்தான் வந்தேன். மெட்ராஸ்ல எல்லாரும் கூப்பிடுத நிர்மலா யாருக்கு வேணும்.

நேரே போய்க் கதவத் தட்டத் தைரியம் இல்ல. 28ந்தேதி அவன எப்படியாவது முன் வரிசைல உக்கார வைக்கணும், துணி விழணும்.

ஜூலை 18, வியாழன்.

தென்காசி பரமசிவம் அண்ணாச்சி மைக்செட்டோட வந்தாரு. கல்யாணம், கோயில் கொடை, கட்சி மீட்டிங், எல்லாத்துக்கும் இவர்தான். பேட்டரி இவர் பொறுப்பு. நல்ல மனுஷன், வாய்தான் ஓயாது.

ரெண்டு பேரும் செண்பகாதேவிக்கு ஏறினோம். அட்டை ரெண்டு என் கால்ல, மூணு அவர் கால்ல. பாறை அதே பாறை. தடாகத்துப் பக்கம் மைக்க நீட்டிக்கிட்டு அரை மணி நேரம் நின்னேன்.

"எம்மா, இம்புட்டு நேரமும் வெறும் தண்ணியவா பிடிக்கிய? ஒரு நாதஸ்வரமாவது பிடிங்க, அதுல ஒரு ஞாயம் உண்டு."

ரூமுக்கு வந்து போட்டுக் கேட்டோம். தண்ணி, தண்ணி, தண்ணி. நடுவுல ஒரு இடத்துல வளையல் சத்தம். கண்ணாடி வளையல், நாலஞ்சு ஒண்ணோட ஒண்ணு உரசுத சத்தம். திருப்பிப் போட்டோம். இருக்கு.

"டேப்பு சுருங்கியிருக்கும்மா."

எனக்கு டேப்பு சுருங்கினா என்ன சத்தம் வரும்னு தெரியும். நான் வளையல் போட்டுப் பல வருஷம் ஆச்சு. அங்கன வேற பொம்பளை யாரும் இல்ல.

சுக்குக் காப்பி. தலைவலி.

ஜூலை 19, வெள்ளி.

கமிட்டிக்கு என்னப்பத்தி ரெண்டு வரி வேணுமாம், நோட்டீஸ்ல போட. யோசிச்சுப் பாத்தா:

கம்பெனில எட்டு வருஷம், ராஜா, மந்திரி, எமன். பொம்பளை வேஷம் நாலே நாலு.
சீன் படுதா வரைஞ்சது மூணு வருஷம். காடு, தர்பார், தெரு.
சர்க்கஸ்காரர் ஒருத்தர்கிட்ட வாய் அசைக்காமப் பேசுத வித்தை.
தோல்பாவைக்காரங்க கூட ஒரு சித்திரை முழுக்க நடை.
அப்புறம் தனியா. கம்பெனிக்கு நான் ஒத்துவரல, சபாக்களுக்கு நான் புரியல. ஒரு தடவ மேடைல வெறும் நாற்காலிய வச்சுட்டு டேப்புல மூச்சு விடுத சத்தத்த மட்டும் போட்டேன். பாதிப் பேரு எழுந்து போனாங்க. ஒரு அம்மா மட்டும் உள்ள வந்து, "அது எங்க அப்பா மூச்சு, உங்களுக்கு எப்படிக் கெடச்சுது?"ன்னு கேட்டா. அது என் மூச்சுதான். அவகிட்ட அதச் சொல்லல.

எழுதிக் குடுத்தது: "நிழற்கலைச் செல்வி நிர்மலா, சென்னை." போதும்.

தலைமுடிய இன்னும் குட்டையா வெட்டியாச்சு. மூக்குக் கண்ணாடி வேற. ஊர்ல எவனுக்கும் அடையாளம் தெரியாது. தெரியக்கூடாதுன்னு பயமும் இருக்கு, தெரியணும்னு ஆசையும் இருக்கு.

ஜூலை 20, சனி. ஆடி அமாவாசை.



விடியக்காலைல இருந்தே கூட்டம். பெரிய அருவிக்குக் கீழ எள்ளும் தண்ணியும் விடுதவங்க வரிசை வரிசையா. நான் கூட்டத்துச் சத்தத்த மனசுல வாங்கிக்கிடலாம்னு போனேன். தண்ணி ஓடுத வாய்க்காலுக்குக் கீழ்ப்பக்கம் நின்னேன்.

அண்ணன். முதுகப் பாத்தே தெரிஞ்சுட்டு. வழுக்கை. அப்பா மாதிரியே தோள். எனக்கும் அவனுக்கும் நாலஞ்சு எட்டு தூரம்தான் இருக்கும்.

ஐயர் பேரு கேட்டுக்கிட்டே வந்தாரு. அண்ணன் அப்பா பேரு சொன்னான். தாத்தா பேரு. அம்மா பேரு.

"வேற உண்டா?"
"தங்கச்சி. வடிவு."
"கல்யாணம் ஆகியா?"
"இல்ல சாமி, கன்னியாப் போயிட்டா. இந்தத் தண்ணிலதான்."
"அவாளுக்கு இது கிடையாதே."
"தெரியும் சாமி. இருந்தாலும் விட்ருதேன்."

விட்டான். தண்ணி இறங்கி வந்தது. அவன் விட்ட எள்ளு நாலஞ்சு என் கால்ல வந்து ஒட்டிச்சு. நான் நகரல. என் பேரச் சொல்லி எனக்கு விட்ட எள்ளு. 'அண்ணே'ன்னு ஒரு வார்த்தை போதும். வாயத் தொறந்தேன், சத்தம் வரல. எத்தன மேடை, எத்தன குரல், ஒண்ணு கூட வரல.

அவன் தலையத் துவட்டிக்கிட்டு என்னைத் தாண்டிப் போனான். கண்ணாடி போட்ட ஒரு பட்டணத்துப் பொம்பளை நிக்கான்னு ஒரு பார்வை. அவ்வளவுதான்.

ரூமுக்கு வந்து கால் கழுவினேன். ஒரு எள்ளு மட்டும் விரல் இடுக்குல இருந்து போகவே மாட்டேங்குது.

ஜூலை 21, ஞாயிறு.

ப. அண்ணாச்சி பேட்டரி மாத்த வந்தாரு. அவர் சொன்னத அப்படியே எழுதுதேன்:

"வெள்ளிக்கிழமை நான் வரமுடியாதும்மா. குத்துக்கல்வலசைல ஒரு வீட்ல கன்னிக்குப் படைப்பு, செட்டு நம்மளது. வருஷா வருஷம் நம்மளத்தான் கூப்பிடுவாங்க. வடிவுக் கன்னி. சுப்பையா அண்ணாச்சி தங்கச்சி, தண்ணில போன புள்ள. ரொம்பத் துடியான தெய்வம்மா. காணாமப் போன சாமானெல்லாம் இருக்க இடம் சொல்லுது."

"யாரு சொல்லுதா?"

"கன்னிதான். அவர் மக கோமதி மேல இறங்கும். நீங்க வேணா அந்தப் பெட்டியத் தூக்கிட்டு வாங்க, குலவைச் சத்தம் பிடிக்கலாம். தண்ணிக்கு இது எவ்வளவோ மேல்."

எனக்குச் சிரிப்பு வந்துட்டு. விழுந்து விழுந்து சிரிச்சேன். அவர் முறைச்சுப் பாத்தாரு. "தெய்வத்தப் பாத்துச் சிரிக்கக் கூடாதும்மா."

ஆக, என்னைக் கும்பிடுதாங்க.

ஜூலை 23, செவ்வாய்.

அண்ணன் வீட்டுக்குப் போய்ட்டு வந்துட்டேன். பாட்டு, குலவை பிடிக்க மெட்ராஸ்ல இருந்து வந்த அம்மான்னு ப. அண்ணாச்சி சொல்லிட்டாரு. அண்ணன் வயல்ல. மதினி மட்டும். ஆவுடை. நான் போன மறு வருஷம் கட்டி வந்தவ, என்னைப் பாத்ததே இல்ல.

"வாங்கம்மா, இங்கன உக்காருங்க. காப்பி குடிப்பியளா?"

என் வீட்ல என்னை உக்காரச் சொல்லுதா. உக்காந்தேன்.

உள் அறை உத்தரத்துல ஓலைப்பெட்டி தொங்குது. என் பெட்டி. மதினி பெருமையாச் சொன்னா: உள்ள பாவாடை, தாவணி, வளையல், சீப்பு, கண்ணாடி, பவுடர். வருஷத்துக்கு ஒரு நாள்தான் இறக்குவாங்க. புதுசு வச்சுட்டுப் பழசக் கோமதிக்கு உடுத்தக் குடுப்பாங்க.

"சேலை வைக்கமாட்டீங்களா?"ன்னு கேட்டேன். எதுக்குக் கேட்டேனோ.

"கன்னிக்கு எதுக்கும்மா சேலை? அவளுக்கு வயசு ஏறாதுல்லா. என்னைக்கும் பதினேழுதான். தாவணிதான்."

சுவர்ல படம். என் போட்டோ எதுவும் இருந்ததில்ல, எவனோ வரைஞ்சிருக்கான். மூக்கு என்னுது இல்ல, கண்ணு என்னுது இல்ல. நான் நாலு தெரு சீன் வரைஞ்சவ, எனக்குத் தெரியும், கை மோசமான கை. ஆனா அந்தப் படம் என்னையேதான் பாக்கு. நான் எந்திரிச்சு அடுப்படி வாசலுக்குப் போனாலும் பாக்கு.

அப்புறம் கொலுசு. நான் போன அன்னைக்கு ஒத்தக் கொலுசத் தொழுவத்துச் செவத்து ஓட்டைல வச்சு மண்ணு பூசிட்டுப் போனேன். ஒண்ண எடுத்துட்டுப் போனேன், அது இப்பவும் என் சாயப் பெட்டில கெடக்கு. ஏன் அப்படிச் செஞ்சேன்னு எனக்கே தெரியாது, யாருகிட்டயும் சொன்னதில்ல. ரெண்டு வருஷத்துக்கு முன்னால கோமதி ஆடும்போது, "தொழுவத்துச் செவத்துல என் கொலுசு இருக்கு, எடு"ன்னு சொன்னாளாம். அண்ணன் இடிச்சுப் பாத்தானாம். இருந்துச்சாம். படத்துக்குக் கீழ மாட்டியிருக்கு. மதினி எடுத்து என் கைல குடுத்தா. கறுத்துப் போயிருக்கு. திருகாணி கழண்ட இடம் வரைக்கும் அதேதான்.

கோமதி கெணத்தடில. வயசு பதினேழு. ரெட்டைச் சடை. அவ பேச்சு:

"அக்கா, மெட்ராஸ்ல பொம்பளைப் புள்ளைய தனியா இருக்கலாமா? எனக்கு டீச்சர் ட்ரெயினிங் சீட் கெடச்சிருக்கு. அம்மா அவ தம்பிக்கு என்னைக் கட்டிக் குடுக்கணும்ங்கா. சிவகிரி மாமா. போலீஸ்ல இருக்காரு. மொதத் தாரம் செத்துட்டா, ரெண்டு புள்ளைய இருக்கு."

"நீ வேண்டாம்னு சொல்லேன்."

"நான் சொன்னா யாரு கேக்கா? கன்னி சொன்னாத்தான் அப்பா கேப்பாரு. போன வருஷம் கன்னி இப்ப வேண்டாம்னு சொல்லிட்டு. அதனாலதான் தள்ளிப் போச்சு."

"கன்னி சொல்லிச்சா, நீ சொன்னியா?"

கயத்த விட்டுட்டா. வாளி தொபுக்குன்னு தண்ணில விழுந்துச்சு.

"பாதி நான்தான்க்கா. பாதி யாருன்னு தெரியல. கொலுச நான் பாத்ததே இல்ல, சத்தியமா." கெணத்துக்குள்ள எட்டிப் பாத்தா. அப்புறம்: "இந்த வெள்ளிக்கிழமை மாமா வாராரு. சோதிச்சுப் பாப்பேன்னு சொல்லியிருக்காரு. பொய்யின்னு ஆயிட்டா ஆவணில கல்யாணம். அப்பா பெல்ட்ட எடுப்பாரு அக்கா. சாமி விஷயம்லா."

பஸ்ல வரும்போது முழுக்க இதே நெனப்பு. நான் 28ந்தேதி துணிய விட்டேன்னா, கன்னி உயிரோட வந்துருவா. அப்ப இந்தப் புள்ள மேல இறங்கினது யாரு? அண்ணன் கேப்பான். ஊரு கேக்கும். அந்த மாமா சிரிப்பாரு.

ஜூலை 25, வியாழன்.

மழை வலுத்துட்டு. துணி தைச்சு வந்துட்டு. ஒத்திகை சரியா வரல. கயத்து முடிச்சு மூணு தடவை சிக்கிச்சு. சமையல்காரர் கரி குடுத்தாரு, "பல்லு தேய்க்கவாம்மா?"

மறக்காம: நாளைக்கு டேப்பு ஸ்பூல் ரெண்டு. பெரிய மைக் வேண்டாம்.

போகாம இருந்தா என்ன? ஞாயித்துக்கிழமை வரைக்கும் இங்கனயே கெடக்கலாம். முடியல.

ஜூலை 26, வெள்ளி.

வரிசையா எழுதப் பாக்கேன்.

நாலரைக்குப் போனோம். வீடு நெறைய பொம்பளைங்க. சாம்பிராணிப் புகைல கண்ணு எரிச்சல். பெட்டிய இறக்கி மணைப்பலகை மேல வச்சிருந்தாங்க. புதுப் பாவாடை மஞ்சள், தாவணி பச்சை. பாச்சோறு, ஓலைக் கொழுக்கட்டை, தேங்காய், பழம். எனக்குப் பிடிக்கும்னு பனங்கற்கண்டு. எனக்குப் பிடிக்கும்தான்.

நான் செவத்து ஓரம், பொம்பளைங்களுக்கு நடுவுல, மடில மைக்கோட. அண்ணன் எதிர்ல, மேல்துண்ட இடுப்புல கட்டிக்கிட்டு. சிவகிரி மாமா தூண்ல சாஞ்சு கையக் கட்டிக்கிட்டு. ஆள் மோசமானவன் இல்ல, பாத்தாத் தெரியுது. எல்லாரும் நம்புததத் தானும் நம்பணுமான்னு நிக்கான், அவ்வளவுதான்.

குலவை. ப. அண்ணாச்சி ஸ்பீக்கரக் கம்மி பண்ணிட்டாரு. கோமதி என் போன வருஷத்துத் தாவணிய உடுத்தி நின்னா. ஆட்டம்னு பெருசா எதுவும் இல்ல. பாதம் மட்டும் லேசா நடுங்கிச்சு. அப்புறம் ஒரு நடை, பெட்டிய நோக்கி. இடது காலக் கொஞ்சம் இழுத்து. சின்ன வயசுல மாடு மிதிச்சு எனக்கு அந்தக் கால் அப்படித்தான். மேடை ஏறி அஞ்சாறு வருஷத்துல அந்த நடைய மாத்திட்டேன். இவளுக்கு அதச் சொல்லிக் குடுத்தது யாரு?

அண்ணன் கையக் கூப்பிக்கிட்டு, "எம்மா, புள்ளைக்கு ஆவணில நல்ல காரியம் வைக்கலாமா?"

"வேண்டாம்."

குரல். அய்யோ, அந்தக் குரல். டேப்புல என் குரலையே நான் ஆயிரம் தடவ கேட்டவ. அது பதினேழு வயசுல எனக்கு இருந்த குரல்.

மாமா சிரிச்சாரு. "மச்சான், புள்ளைக்குப் படிக்க ஆசை, அதான் ஆடுதா. வடிவுக்கு மட்டும் தெரிஞ்சத ஒண்ணு கேளுங்க. சொல்லட்டும். நானே இந்தப் பேச்ச விட்ருதேன்."

அண்ணன் பெட்டியத் தொட்டுக் கும்பிட்டான். அப்புறம் மெதுவா, "கடைசியா நான் உன்கிட்ட என்ன சொன்னேன்? போன அன்னைக்குக் காலைல. தொழுவத்துல."

அது எங்க ரெண்டு பேருக்குள்ள நடந்தது. யாருக்கும் தெரியாது. நான் தொழுவத்துல கரியால மீசை வரைஞ்சுக்கிட்டு ராஜா மாதிரி நடந்து பழகிக்கிட்டு இருந்தேன். அண்ணன் வந்துட்டான். அடி விழப் போகுதுன்னு நின்னேன். அவன் சிரிச்சுட்டுச் சொன்னான்.

கோமதி வாய் தொறந்து நின்னா. கண்ணு மேல சொருகியிருந்துச்சு. ஒண்ணும் வரல. மாமா தூணை விட்டு நிமிந்தாரு.

நான் தலையக் குனிஞ்சேன். வாய் அசைக்கல. என் பழைய குரல எங்கேயோ அடில இருந்து எடுத்து, பெட்டி மேல வச்சேன்:

"மீசை கோணலா இருக்குன்னு சொன்னே."

அண்ணன் அப்படியே உக்காந்துட்டான். "ஏட்டி வடிவு... ஏட்டி வடிவு..."ன்னு தரைல அடிச்சு அடிச்சு அழுதான். நாப்பத்தஞ்சு வயசு மனுஷன். பொம்பளைங்க குலவை விட்டாங்க. மாமா கீழ விழுந்து கும்பிட்டுட்டு வெளிய போயிட்டாரு.

கூப்பிட்டுட்டான். நான் கேட்டது கெடச்சுட்டு. 'என்னண்ணே'ன்னு கேக்கல. மடில மைக்கப் பிடிச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். அவன் அழுது முடிச்சு முகத்தத் துடைச்சுட்டு, பெட்டியப் பாக்கல, பொம்பளைங்க பக்கம் ஒரு தடவ பாத்தான். ஒவ்வொரு முகமா. நான் டேப்பத் திருப்புத மாதிரி குனிஞ்சுக்கிட்டேன்.

ஜூலை 27, சனி.

தூக்கம் இல்ல. பகல்ல ஸ்பூல் போட்டுக் கேட்டேன்.

குலவை. மாமா சிரிப்பு. அண்ணன் கேள்வி. அமைதி. அப்புறம் "மீசை கோணலா இருக்குன்னு சொன்னே."

ரெண்டு குரல்.

மறுபடி போட்டேன். ஆறு தடவ போட்டேன். ஒண்ணு மைக்குக்குப் பக்கத்துல, வயசானது, கொஞ்சம் கரகரப்பு. அது நான். இன்னொண்ணு தூரத்துல, பெட்டி இருந்த பக்கத்துல. அதே வார்த்தை, ஒண்ணு விடாம. அதுதான் அரை மூச்சு முந்தி வருது.

நான் சொல்லாமலே இருந்திருந்தாலும் பதில் வந்திருக்கும்.

சாயங்காலம் கோமதி, ப. அண்ணாச்சி கூட பஸ்ல வந்தா, பணியாரம் குடுத்துவிட்டாளாம் மதினி. ட்ரெயினிங்குக்கு அப்பா சரின்னுட்டாராம். முகமெல்லாம் சிரிப்பு. நேத்து என்ன பேசினேன்னு ஒண்ணும் ஞாபகம் இல்லையாம். நாளைக்கு எல்லாரும் பொம்மலாட்டம் பாக்க வாராங்களாம், மாமாவும்.

போகும்போது வாசல்ல திரும்பி, "வாரேன் அத்தை"ன்னா. உடனே நாக்கக் கடிச்சுக்கிட்டா. "அக்கான்னு சொல்ல வந்தேன், வாயில என்னமோ வந்துட்டு."



ஜூலை 28, ஞாயிறு.

கூட்டம் எழுபது எம்பது இருக்கும். மழைக்கு ஒதுங்கினவங்க பாதி. கடலை விக்கவன் உள்ளயே வந்துட்டான். "எப்பம் பொம்மை வரும்?"ன்னு ஒரு புள்ள.

துணி நல்லா நனைஞ்சிருந்துச்சு. வெளிச்சம் சரி. டேப்புல செண்பகாதேவி. ஈரத் துணிக்கு உள்ள இருந்து பாத்தா வெளிய முகமெல்லாம் மங்கலாத் தெரியும். முன் வரிசைல அண்ணன், மதினி, கோமதி. பின்னால மாமா.

நடந்தேன். பழைய நடை, இடது கால இழுத்து. வேணும்னு செய்யல, அதுவா வந்துச்சு. பாறைப் படம் வந்ததும் கரிய எடுத்து என் நிழல் மேல நானே மீசை வரைஞ்சேன். சிரிப்பு ஒண்ணு ரெண்டு. அப்புறம் சிரிப்பு நின்னு போச்சு. வளையல் சத்தம் அந்த இடத்துல சரியா வந்து விழுந்துச்சு, நான் வைக்காத சத்தம். யாரோ ஒரு பொம்பளை, "ஆத்தாடி, ரெண்டு நிழல்லா தெரியுது"ன்னா. நான் திரும்பிப் பாக்கல. வெளிச்சம் ஒண்ணுதான். ஆளு நான் ஒருத்திதான்.

அண்ணன் எழுந்து நின்னான். கூப்பின கை. பின்னால இருக்கவன் "உக்காருங்கய்யா"ங்கான், இவன் காதுல விழல.

கடைசி இடம். கயிறு என் கைல. ஒரு இழுப்பு. துணி விழும், நான் நிப்பேன். அண்ணே, நான்தான். பத்தொம்போது வருஷமா ஓடுத நாடகம் முடிஞ்சிரும். அத நான் எவ்வளவு ஆசைப்பட்டேன்னு கடவுளுக்குத் தெரியும். ஒரு எட்டு வச்சா அவன் கால்.

அவனுக்குப் பக்கத்துல கோமதி. ரெட்டைச் சடை. மாமா கையக் கட்டிக்கிட்டு.

கயத்த விட்டுட்டேன். லாந்தர அணைச்சேன். நிழல் போச்சு, துணி நின்னுக்கிட்டு இருந்துச்சு.

இருட்டுல அண்ணன் குரல், சத்தமா இல்ல: "சரி."

கூட்டம்: "முடிஞ்சுட்டா?" "பொம்மை எங்கலே?" ப. அண்ணாச்சி உள்ள ஓடி வந்தாரு. "எம்மா, துணி விழலியே!"

"சிக்கிட்டு அண்ணாச்சி."

ஜூலை 29, திங்கள். தென்காசி ஸ்டேஷன்.

சாரல் இங்கனயும். ரயில் லேட்டு.

சாமான்: டேப், லாந்தர், கண்ணாடிப் படம் (பாறை உடைஞ்சுட்டு), சாயப் பெட்டி, துணி இன்னும் ஈரமா.

ப. அண்ணாச்சி வழியனுப்ப வந்தாரு. கைல தினத்தாள்ல பொதிஞ்ச பொட்டணம். "சுப்பையா அண்ணாச்சி காலைல கடை திறக்குததுக்கு முன்னாலயே வந்து குடுத்துட்டுப் போனாரு. நெழல் காட்டுத அம்மாகிட்ட குடுங்கன்னாரு."

"வேற என்ன சொன்னாரு?"

"ஒண்ணும் சொல்லல. கன்னிக்கு எடுத்ததுன்னாரு. இந்த வருஷம்தான் படைச்சாச்சேன்னேன். காதுல வாங்காம நடந்துட்டாரு. அவர் முகமே சரியில்லம்மா."

பிரிச்சேன். பாவாடை இல்ல. தாவணி இல்ல.

சேலை. பதினெட்டு முழம். அரக்குக் கலர், சின்னக் கரை. முப்பத்தாறு வயசுப் பொம்பளை உடுத்துத சேலை.

ரயில் வந்துட்டு.